எட்டு மாட்டுக்குச் சொந்தக் காளை தேவையா?

பூதப்பாண்டிக்காரன்: எட்டு ஜெர்சி கலப்புப் பசுக்கள் நிற்கின்றன. போன மாதம் ஒன்று சனிக்கிழமை சாயங்காலம் கத்த ஆரம்பித்தது. சினை ஊசி (செயற்கைக் கருவூட்டல்) போடுகிறவர் வந்தது திங்கள் காலை. பருவம் போயே போய்விட்டது, இனி 21 நாள் சும்மா தீனி. ஒரு பொலிகாளை வாங்கிவிட்டால் இந்தத் தொல்லை இல்லையே?

குலசேகரம் ரப்பர்: வேண்டாம் அண்ணே. இன்று சினை பிடித்தால் ஒன்பது மாதத்தில் கன்று. கிடாரி என்றால் ஒன்றரை வயதில் பருவத்துக்கு வந்துவிடும். இரண்டேகால் வருடத்தில் அப்பனும் மகளும் ஒரே தொழுவத்தில். கருவைக் கலைக்கும் நோய் காளைக்கு இருந்தால் எட்டுக்கும் பரவவும் வழியுண்டு.

பூதப்பாண்டிக்காரன்: ஊசி மட்டும் ஒழுங்கா? இங்கே ஒருவர் நைட்ரஜன் ஜாடியிலிருந்து உறைந்த விந்து இருக்கும் ஸ்ட்ராவை எடுத்து, சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, டீ குடித்துவிட்டு வந்தார். மைனஸ் 196 டிகிரியில் கிடந்த சரக்கு. 37 டிகிரி இளஞ்சூட்டுத் தண்ணீரில் அரை நிமிடம் வைத்து உடனே போட வேண்டியது. சினை நிற்காததும் மாட்டைக் குறை சொன்னார்!

குலசேகரம் ரப்பர்: அது ஆள் கோளாறு, ஆளை மாற்றுங்கள். கட்டியே கிடக்கிற மாடு பருவத்தைச் சரியாகக் காட்டாது. நான் விடியற்காலையும் ராத்திரி படுக்கும் முன்னும் அரை மணி நேரம் ரப்பர் தோட்டத்தில் அவிழ்த்து விடுவேன். இன்னொரு மாடு மேலே ஏறும்போது அசையாமல் நின்றால் அதுதான் நேரம். வாலடியில் கண்ணாடி மாதிரிச் சளி தொங்கும். காலையில் கண்டால் சாயங்காலம் ஊசி, சாயங்காலம் கண்டால் மறுநாள் காலை.

மார்த்தாண்டம் குட்டை மாடு: நடுவில் ஒரு வார்த்தை. காளையோ ஊசியோ, பசுவின் அளவைப் பாருங்கள். பால் ஆசையில் என் குட்டை வெச்சூர்ப் பசுவுக்குப் பெரிய இனமான ஹோல்ஸ்டீன் ஊசி போட்டேன். முன்னங்கால் இரண்டும் வந்தன, தலை மாட்டிக்கொண்டது. நாலு பேர் கயிறு கட்டி இழுத்தோம். பசு பிழைத்தது, கன்று இல்லை.

பூதப்பாண்டிக்காரன்: பாவம். நான் பார்த்து வைத்திருப்பதும் ஜெர்சி கலப்புதான், அளவு ஒத்துப்போகும். ரத்தப் பரிசோதனை முடிந்த பிறகுதான் கயிறு கை மாறும். இரண்டு வருடத்தில் விற்றுவிடுவேன், சரிதானே?

குலசேகரம் ரப்பர்: எங்கள் அப்பாவும் அப்படித்தான் சொன்னார். அந்தக் காளை ஆறு வருடம் நின்றது, பெயரெல்லாம் வைத்து.