ஹெட் கஸ்கட்டுக்கும் சிலிக்கோன் பூசுவதா?

முரசுமோட்டைத் தம்பி:
நேற்று ஒரு லான்ட்மாஸ்ரர் (இரண்டு சில்லு உழவு இயந்திரம்) எஞ்சின் கழற்றினேன். போன மாதம்தான் வேறொரு கராஜில் ஒயில் ஒழுக்குக்கு வேலை செய்திருக்கிறார்கள். அடியில் ஒயில் நிற்கிற சம்பைத் திறந்தால் ஒயிலை உறிஞ்சுகிற வலையில், ஒழுக்கை அடைக்க டியூப்பிலிருந்து பூசுகிற சிவப்புச் சிலிக்கோன் பசையின் துண்டுகள் மீன் செதில் மாதிரி அப்பிக் கிடக்கின்றன, விரல் நகத்தால் சுரண்டித்தான் எடுத்தேன். ஒயில் ஏறாமல் பெயரிங் போய் கிராங்கிலும் (சுழலும் தண்டு) கோடு விழுந்துவிட்டது. வெளியே எவ்வளவு பிதுங்குகிறதோ அவ்வளவு உள்ளேயும் பிதுங்கும், அதை ஏன் யாரும் யோசிப்பதில்லை? சிலிண்டரின் மேல்மூடியான ஹெட்டுக்கும் பிளாக்குக்கும் இடையே ஒழுக்கு வராமல் வைக்கிற தகடான ஹெட் கஸ்கட்டிலும் இரண்டு பக்கமும் பூசியிருந்தார்கள்.

மாங்குளம் பழைய ஸ்பனர்:
தம்பி, கோபம் விளங்குகிறது. ஆனால் போர் நேரப் பொருளாதாரத் தடைக் காலத்தில் கஸ்கட் சீற் கண்ணிலேயே காணக் கிடைக்காது. பால்மாப் பெட்டி மட்டையை எஞ்சின் மூடியில் வைத்துச் சின்னச் சுத்தியலால் ஓரம் தட்டி வெட்டி, கிறீஸ் பூசிப் பூட்டினோம், மண்ணெண்ணெயில் ஓடிய எஞ்சின்கள் அவை. இன்றைக்கும் இங்கே வருகிற ஹெட் பாதி துரு தின்றது. முகம் மட்டம் அடிக்க (மெஷினில் சமமாகச் சீவ) வவுனியாவுக்குக் கொண்டு போக வேண்டும். சிலிக்கோன் பூசாமல் பூட்டினால் அன்றைக்கே தண்ணி ஒழுகும், ஆள் திரும்பி வந்து என்னைத்தான் பேசுவார்.

முரசுமோட்டைத் தம்பி:
மூடிக்கு மட்டை வெட்டியது சரி அண்ணை, அங்கே ஒயில் தெறிக்கும், அவ்வளவுதான். ஹெட்டில் நிற்பது வெடிக்கிற அமுக்கம். சிலிக்கோன் அதற்குத் தாங்காது, கஸ்கட்டையும் வழுக்கி நகர விடும். தனியாக ஏதும் பூசச் சொல்லாவிட்டால் கஸ்கட் காய்ந்தபடியேதான் போக வேண்டும். நேரான இரும்புச் சட்டத்தை ஹெட்டில் குறுக்கும் மறுக்கும் வைத்து பீலர் கேஜ் (இடைவெளி அளக்கும் மெல்லிய தகடுகள்) விட்டுப் பாருங்கள், 0.1 மில்லிமீற்றர் தகடு நுழைந்தால் பெரும்பாலும் மட்டம் அடிக்கத்தான் வேண்டும். கிரைண்டரில் அரத்தாள் தட்டுப் போட்டு அலுமினிய முகத்தைத் தேய்க்கிறார்களே, அதைப் பார்த்தால் வயிறு எரிகிறது, அங்கேதான் பள்ளமே விழுகிறது. போல்ற் துளையில் ஒயிலோ தண்ணியோ தேங்கி நின்றால் இறுக்கும்போது பிளாக்கே வெடிக்கலாம். நடுவிலிருந்து வெளியே, இரண்டு மூன்று தரமாக, இறுக்கத்தை அளந்து காட்டுகிற ரோர்க் ரெஞ்சால் இறுக்க வேண்டும். அப்புறம் எதற்குச் சிலிக்கோன்?

ஒட்டுசுட்டான் வயற்காரன்:
நான் மெக்கானிக் இல்லை, காசு கொடுக்கிறவன். போன வருடம் தண்ணிப் பம்பு எஞ்சினின் பக்க மூடியை மாலையில் சிலிக்கோன் பூசி ஒட்டினார்கள், பயிர் காய்கிறது என்று நான்தான் நெருக்கி அன்றிரவே இறைக்க வைத்தேன். விடியமுன் ஒயில் முழுக்க மண்ணில். எவ்வளவு நேரம் விட வேண்டும்?

முரசுமோட்டைத் தம்பி:
சிலிக்கோன் காற்றிலிருக்கிற ஈரத்தை எடுத்துத்தான் இறுகும். முழுதாக இறுக பொதுவாக 24 மணித்தியாலம், டியூப்பில் எழுதியிருப்பதுதான் கணக்கு. பழைய பசையும் ஒயில் பிசுக்கும் போகத் துடைத்த முகத்தில், 2, 3 மில்லிமீற்றர் கோடாக, போல்ற் துளைக்கு உள்பக்கமாகச் சுற்றி விட்டால் போதும். பெற்றோல் படுகிற காபரேற்றர் பக்கம் வேண்டவே வேண்டாம், ஊறிக் கழன்று போகும்.

மாங்குளம் பழைய ஸ்பனர்:
எல்லா இடத்துக்கும் வேண்டாம் என்றால் அதையும் ஒப்பமாட்டேன். டைமிங் மூடியும் (டைமிங் பல்சில்லுகளை மூடுவது) பிளாக்கும் சேருகிற மூலையில் ஒரு பொட்டு வைக்கச் சொல்லி கொம்பனிப் புத்தகத்திலேயே இருக்கிறது. தண்ணித் துளையின் ஓரம் அரித்த ஹெட்டுக்கு என்ன செய்வாய்? அதன் சொந்தக்காரனுக்கு புது ஹெட் வாங்க வழியில்லை.

முரசுமோட்டைத் தம்பி:
மூலைப் பொட்டு சரி, நானும் வைக்கிறேன். அரித்த ஓரத்தை வெல்டிங்கில் நிரப்பி மட்டம் அடிக்கலாம், புது ஹெட்டை விடச் செலவு குறைவு. அதற்கும் வழியில்லை என்றால் இது எத்தனை நாள் ஓடும் என்று தெரியாது என்பதை அவரிடம் பூட்டுமுன்னமே சொல்லுங்கள்.

மாங்குளம் பழைய ஸ்பனர்:
சொல்லாமல் விட்டதும் உண்டு. சரி, என்னிடம் இப்போது அப்படி ஒரு ஹெட் கிடக்கிறது. வெள்ளிக்கிழமை கொண்டு வருகிறேன், உன்னுடைய சட்டத்தை வைத்துப் பார்ப்போம்.