காலத்தைத் திருப்புவது குற்றம் என்று எழுதிவிட்டேன், வழக்கை எப்படி நடத்துவது?

மைக்கறை:
மாயாஜாலத் தொடர் ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன், பதினோராவது அத்தியாயத்தில் மாட்டிக்கொண்டேன். என் நாட்டில் மந்திரக்காரர்கள் காலத்தைப் பின்னால் திருப்பலாம், ஆனால் ஒரு நாழிகைக்கு மேல் திருப்பினால் தலை போகும் என்று சட்டம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஒருவன் சந்தையில் குதிரை வாங்குகிறான், அது நொண்டி என்று தெரிந்ததும் மூன்று நாழிகை திருப்பி, வாங்காமலே போய்விடுகிறான். அவனைத் தவிர யாருக்கும் நடந்தது நினைவில் இருக்காது. அப்படியென்றால் புகார் கொடுப்பது யார், சாட்சி யார்? வாசகர் ஒருவர் இதைக் கேட்டு மானத்தை வாங்கிவிட்டார்.

பழைய_குமாஸ்தா:
கோர்ட் வராந்தாவில் பாதி ஆயுளைக் கழித்தவன் சொல்கிறேன், செய்கையை நிரூபிக்க முடியாவிட்டால் சட்டம் பொருளைப் பிடிக்கும். லைசென்ஸ் இல்லாமல் வெடிமருந்து வைத்திருந்தாலே குற்றம்தான், வெடித்ததா இல்லையா என்பது அப்புறம். மந்திர ஏட்டையும் அப்படி ஆக்கிவிடுங்கள் தம்பி.
இன்னொரு ஓட்டையும் இருக்கிறது. உங்கள் சட்டம் வருவதற்கு முந்தைய வருடத்துக்கே ஒருவன் போய்விட்டு, அங்கே நின்றுகொண்டு இன்னொரு முறை திருப்பினால்? செய்த நேரத்தில் குற்றமாக இல்லாத ஒன்றுக்குத் தண்டனை கிடையாது, நம் அரசியலமைப்பில் பிரிவு 20(1) அதைத்தான் சொல்கிறது. என்னைப் போல ஒரு ஆள் கிடைத்தால் உங்கள் வில்லனை அதை வைத்தே வெளியே கொண்டுவந்துவிடுவான்.

தெற்குக்காற்று:
தலையை வெட்டுவதெல்லாம் சரி, குதிரைக்காரனுக்குப் போன காசுக்கு என்ன வழி? காலத்தில் கை வைத்த நிஜச் சட்டங்கள் முதலில் கவலைப்பட்டது காசைப் பற்றித்தான். பிரிட்டனில் நாட்காட்டியை மாற்றிய சட்டத்தால் 1752 செப்டம்பர் 2-க்கு மறுநாள் செப்டம்பர் 14, நடுவில் 11 நாள் காலி. ஆனால் வாடகையையும் கடனையும் 11 நாள் முன்னதாகக் கேட்கக் கூடாது என்று அந்தச் சட்டத்திலேயே எழுதி வைத்தார்கள். மார்ச் 25-ல் தொடங்கிய வரிக் கணக்கு ஆண்டு இப்படித்தான் தள்ளிப்போனது, இன்றைக்கும் அங்கே ஏப்ரல் 6-ல்தான் தொடங்குகிறது. பசிபிக் தீவு நாடான சமோவா, சர்வதேசத் தேதிக் கோட்டின் மறுபக்கம் மாறியபோது, 2011-ல் டிசம்பர் 30-ஐயே தாண்டிக் குதித்தது, வியாழன் தூங்கினால் சனிக்கிழமை விழிப்பு!

மைக்கறை:
அருமை, ஆனால் சாட்சி இன்னும் கிடைக்கவில்லையே.

அரைப்படி:
நாழிகை என்று எழுதிவிட்டு வட்டிலை மறந்துவிட்டீர்களே. அடியில் ஊசித்துளை போட்ட செப்புக் கிண்ணம், தண்ணீரில் மிதக்கவிட்டால் மெதுவாக நிரம்பும், முழுகினால் ஒரு நாழிகை, 24 நிமிடம். ஒரு நாளைக்கு 60 முறை. பக்கத்திலேயே உட்கார்ந்து அதைப் பார்த்துச் சொல்ல அரசர்கள் நாழிகைக் கணக்கர்களை வைத்திருந்தார்கள். உங்கள் நாட்டில் அந்த அறைக்குள் மட்டும் மந்திரம் செல்லாது என்று வையுங்கள். கிண்ணம் முழுகும்போதெல்லாம் கணக்கர் ஒரு கூழாங்கல்லைப் பானையில் போடுகிறார். வெளியே வெயிலைப் பார்த்தால் பத்து நாழிகை, பானையைக் கவிழ்த்தால் பதிமூன்று கல்.

மைக்கறை:
ஐயோ, இது எனக்குத் தோன்றவே இல்லையே! சரி, திருப்பியவன் எவன் என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

பழைய_குமாஸ்தா:
பை நிறையக் காசோடு சந்தைக்கு வந்து, குதிரையின் பல்லைக்கூடப் பார்க்காமல் திரும்பிப் போனவன் எவன் என்று விசாரியுங்கள். அதற்குள் கணக்கர் காசு வாங்கிக்கொண்டு மூன்று கல்லை வெளியே எறிந்திருப்பார், அது வேறு வழக்கு.