ரோஸி படத்தில் அந்தக் கண்: தானாக வந்ததா, கொண்டுவந்ததா?

மணிமாறன்:
"இத்தாலிய ஆவணப்பட இயக்குநர் கியான்ஃபிராங்கோ ரோஸி காமிராவை வைத்துவிட்டுக் காத்திருப்பார், அவ்வளவுதான் அவர் பாணி" என்று கடலோடி நேற்று எழுதியதைப் படித்து எரிச்சலாகிவிட்டது. அவருடைய 'ஃபுவோகோஅமாரே' படத்தில், மத்தியதரைக் கடலில் இருக்கும் இத்தாலியின் லாம்பெடூசா தீவுக்குப் படகில் வரும் அகதிகள் ஒரு பக்கம், உண்டிவில்லோடு திரியும் சிறுவன் சாமுவேலே இன்னொரு பக்கம். அவனுக்கு ஒரு கண் சோம்பேறிக் கண், பார்வை மந்தம்; அதற்கு வேலை கொடுக்க நல்ல கண்ணை மறைத்துவிடுகிறார்கள். ஐரோப்பா ஒரு கண்ணை மூடிக்கொண்டிருக்கிறது என்று சொல்ல இவ்வளவு தோதான கண் தானாகவா வந்து மாட்டும்?

கடலோடி:
தானாகத்தான் வந்தது. மனிதர் ஒரு வருஷத்துக்கும் மேல் அந்தத் தீவிலேயே குடியிருந்தார், காமிராவும் ஒலியும் அவர் கையில்தான். பின்னணிக் குரல் கிடையாது, பேட்டி கிடையாது. அவ்வளவு நாள் கூடவே இருந்தால் பையன் கண் டாக்டரிடம் போகும் நாளும் வரத்தானே செய்யும்?

மணிமாறன்:
பேட்டி கிடையாதா? 2010இல் எடுத்த 'எல் சிகாரியோ' முழுக்க, முகத்தைத் துணியால் மூடிக்கொண்டு ஒரு கூலிக் கொலையாளி விடுதி அறையில் உட்கார்ந்து பேசுவதுதானே! பார்க்காமலே எழுதுவது உங்களுக்குப் பழக்கம், போன மாதமும் இதையேதான் செய்தீர்கள். சரி, கண்ணுக்கு வாருங்கள். பரிசோதனை அறைக்குள் காமிரா முன்கூட்டியே எப்படிப் போனது?

யாழினி:
கண்ணை விடுங்களேன். இரண்டு பையன்கள் சப்பாத்திக்கள்ளியில் கண், வாய் எல்லாம் வெட்டி, உண்டிவில்லால் அடித்துவிட்டு, அப்புறம் கிழிந்த மடலை டேப் சுற்றி ஒட்டுகிறார்களே, அதைவிடவா? 2013இல் வெனிஸ் திரைப்பட விழாவில் உச்ச விருதான தங்கச் சிங்கம் வாங்கிய 'சாக்ரோ ஜிஆர்ஏ'விலும் ரோம் நகரத்தைச் சுற்றும் சாலையோரத்தில் ஒருவர் பனைமரத்துக்குள் கூன்வண்டு அரிக்கும் சத்தத்தைக் காதில் கருவி மாட்டிக் கேட்டுக்கொண்டிருப்பார். ஓரத்தில் இருக்கிறவர்கள்மேல்தான் ரோஸிக்கு ஆசை.

சேது:
ஓரத்து மனிதர்களா? 1993இல் காசிக்கு வந்து கங்கையில் படகோட்டியோடு சுற்றி 'போட்மேன்' எடுத்ததும் அந்த ஆசைதானோ? வெளிநாட்டுக்காரர் வந்தாலே நம் ஊரில் பிணம் எரிவதைத்தான் தேடுகிறார்.

யாழினி:
அண்ணா, அவரே ஆப்பிரிக்காவில், எரித்ரியாவின் அஸ்மாராவில் பிறந்தவர். காசியில் பிணம் எரியவில்லை என்று சொல்லச் சொல்கிறீர்களா?

சேது:
எங்கே பிறந்தால் என்ன? தாத்தாவைக் கங்கைக்கரையில் எரித்த குடும்பம் எங்களுடையது. அங்கே ஒருவன் காமிராவோடு நின்றிருந்தால் நான் சும்மா விட்டிருக்க மாட்டேன்.

மணிமாறன்:
காசிக்குத் தனி இழை போடுங்கள் சேது. கடலோடி, கண் கேள்வி அப்படியே நிற்கிறது. 2016இல் பெர்லின் திரைப்பட விழாவில் உச்ச விருதான தங்கக் கரடி வாங்கிய படம் அது, நான் குறைத்துச் சொல்லவில்லை. ரோஸி யோசித்து அடுக்குகிறவர், அதுதான் அவர் கலை. காத்திருக்கிறார் என்று சொல்லி அந்த உழைப்பைப் பூசி மறைக்காதீர்கள்.

கடலோடி:
நல்ல கண்ணை மறைத்தபிறகு பையன் உண்டிவில்லை இழுத்துத் தடுமாறுகிறானே, அதை யாரும் சொல்லிக்கொடுத்துச் செய்யவைக்க முடியாது.

மணிமாறன்:
உண்டிவில்லைப் பற்றியா கேட்டேன்? அறைக்குள் காமிரா எப்படி முதலிலேயே போனது?