புதுப்பிப்பு: நத்தை கடிதம் கொண்டுபோகும் புத்தகம் கிடைத்துவிட்டது

சின்ன வயதில் படித்த புத்தகம், குணத்தில் ஒட்டாத இரண்டு நண்பர்கள், நத்தை கடிதம் கொண்டுபோகும், பெயர்தான் மறந்துவிட்டது என்று இங்கே கேட்டிருந்தேன். பதில் சொன்ன எல்லாருக்கும் நன்றி. “தவளையும் தேரையும், ஆர்னால்டு லோபெல் எழுதியது” என்று ஒருவர் சொன்னதுதான் சரி.

புத்தகம் ‘ஃபிராக் அண்ட் டோட் ஆர் ஃபிரெண்ட்ஸ்’, 1970. ஐந்து குட்டிக் கதைகள். நத்தை வருவது கடைசிக் கதையில். தனக்குக் கடிதமே வராது என்று தேரை வாசலில் சோர்ந்து உட்கார்ந்திருக்கிறது. தவளை வீட்டுக்கு ஓடிப்போய் ஒரு கடிதம் எழுதி நத்தையிடம் கொடுக்கிறது. ஆளைப் பார்த்துக் கொடுத்தது பாருங்கள்! போய்ச் சேர நான்கு நாள். சட்டைப் பொத்தான் தொலைவதும் இதே புத்தகம்தான்.

நான் எதிர்பாராதது: பிஸ்கட்டைப் பெட்டியில் போட்டு, கயிறு கட்டி, ஏணி போட்டு உயரத்தில் வைப்பார்களே, அந்தக் கதை இதில் இல்லை. அது 1972இல் வந்த இரண்டாவது புத்தகம், ‘ஃபிராக் அண்ட் டோட் டுகெதர்’. இரண்டையும் ஒன்றென்றே இத்தனை வருடம் நினைத்திருக்கிறேன். வரிசையில் மொத்தம் நான்கு புத்தகங்கள்.

இப்போது மகள் எழுத்துக்கூட்டிப் படிக்கிறாள். நத்தை பக்கம் வந்ததும், “தவளையே குதிச்சுப் போய்க் கொடுத்திருக்கலாமே அப்பா?” என்றாள்.