நகவெட்டியால் ஜெர்பிலின் பல்லை வெட்டலாமா?

ஊசிநூல், வெள்ளவத்தை (செவ்வாய் இரவு)

அனைவருக்கும் வணக்கம். நான் தையல்காரி. பதினெட்டு வருடமாகக் கத்தரிக்கோலும் கையுமாக இருப்பவள். சட்டைக் கழுத்து ஒரு நூல் அளவு பிசகினாலும் என் கண்ணில் பட்டுவிடும். இதை முதலிலேயே சொல்லிவிடுவது, "கை நடுங்கும், உங்களால் முடியாது" என்று யாரும் பதில் எழுதக் கூடாது என்பதற்காக.

வீட்டில் இரண்டு ஜெர்பில்கள் இருக்கின்றன. வெள்ளெலி என்றே எழுதியிருப்பேன், ஆனால் ஹாம்ஸ்டரையும் பலர் அப்படித்தான் சொல்கிறார்கள். பிறகு பதில்கள் குழம்பும். என்னுடையவை நீண்ட வாலும் வால் நுனியில் குஞ்சமும் உள்ளவை. முதலாவது வறுத்த கடலை நிறத்தில் இருந்ததால் மகள் அவனுக்குக் கச்சான் என்று பெயர் வைத்தாள். என் மாமா யாழ்ப்பாணத்துக்காரர். கச்சான் என்றால் அவருக்கு முதலில் காற்றுதான். மகள் காற்றின் பெயரை வைத்திருக்கிறாள் என்று மகிழ்ந்துபோய் மற்றவனுக்கு வாடை என்று பெயரிட்டுவிட்டார். இரண்டும் அண்ணன் தம்பி, வயது ஒன்றரை.

கச்சானுக்குத்தான் பிரச்சினை. பத்து நாளாகச் சூரியகாந்தி விதையை இரண்டு கையாலும் வாங்குகிறான், உருட்டுகிறான், வாயில் வைக்கிறான், போட்டுவிடுகிறான். பக்கத்திலேயே காத்திருக்கும் வாடை அதை எடுத்துத் தின்றுவிடுகிறான். வாடைதான் பறிக்கிறான் என்று நினைத்து நான் அவனைத் திட்டிக்கொண்டிருந்தேன். நேற்றுப் பார்த்தால் கச்சானின் தாடை மயிர் ஈரமாக ஒட்டிப்போயிருக்கிறது. கண்ணாடிக் குவளைக்குள் விட்டு, மேலே ஒரு விதையை நீட்டி, அவன் எட்டிப் பார்க்கும்போது கீழிருந்து விளக்கு வெளிச்சத்தில் பார்த்தேன். மேல்பல் இரண்டில் ஒன்று பாதிக்கு மேல் உடைந்திருக்கிறது. கீழ்ப்பற்கள் நீளமாக, மேல்பல்லைப் போல மூன்று மடங்கு இருக்கும், நல்ல மஞ்சளாகவும் இருக்கின்றன.

வாங்கிய கடையில் கேட்டேன். "பல் வளர்ந்துவிட்டது, நகவெட்டியால் வெட்டிவிடுங்கள், மஞ்சள் எல்லாம் ஊத்தை, உப்பு வைத்துத் தேயுங்கள்" என்றார்கள். எங்கே வெட்டுவது, எவ்வளவு வெட்டுவது? அளவு சொன்னால் போதும், மில்லிமீட்டர் பிசகாமல் வெட்டுவேன்.

கூடு புறக்கோட்டையில் வாங்கிய கம்பிக் கூடு. இரவெல்லாம் கம்பியைக் கடிக்கிறான். மெத்தைக்கு வெட்டிய துணித்துண்டுகள் போடுகிறேன், அவற்றுக்கு என் வீட்டில் பஞ்சமில்லை.

கூண்டுக்காரன், கொட்டாஞ்சேனை

தாராளமாக வெட்டலாம் அக்கா. என் ஹாம்ஸ்டருக்கு நானே இரண்டு தடவை வெட்டியிருக்கிறேன், ஒன்றும் ஆகவில்லை. பயந்தால் கணவாய் ஓடு ஒன்று வாங்கிக் கூட்டில் கட்டிவிடுங்கள், கடித்துக் கடித்துத் தானாகத் தேய்ந்துவிடும்.

பேராதனை மழை

அக்கா, நகவெட்டியைக் கீழே வைத்துவிட்டு இதை வாசியுங்கள்.

நான் பேராதனையில் கால்நடை மருத்துவ பீடத்தில் இறுதி வருடம் படிக்கிறேன். பட்டம் இன்னும் கைக்கு வரவில்லை, எனவே மருந்து எதுவும் எழுத மாட்டேன். பல்லைப் பற்றி மட்டும் சொல்கிறேன்.

மஞ்சள் ஊத்தை இல்லை. ஜெர்பிலின் வெட்டும் பல்லில் எனாமல் என்ற கடினப் படலம் முன்பக்கம் மட்டும்தான் உண்டு. அதில் இரும்புச்சத்து சேர்ந்திருப்பதால் மஞ்சளாகவோ செம்மஞ்சளாகவோ தெரியும். அதுதான் ஆரோக்கியமான நிறம். வெள்ளை வெளேரென்று மாறினால்தான் யோசிக்க வேண்டும். உப்பு வைத்துத் தேய்க்கச் சொன்னவர் தன் பல்லுக்குத் தேய்த்துக்கொள்ளட்டும். பின்பக்கம் மென்மையாக இருப்பதால் அது முதலில் தேய்கிறது, முன்பக்கம் உளி போலக் கூராக நிற்கிறது. கீழ்ப்பல் மேல்பல்லைவிட நன்றாக நீண்டிருப்பதும் இயல்புதான். வாடையின் வாயையும் அதே குவளையில் பாருங்கள், ஏறக்குறைய அதே நீளம் தெரியும்.

மொத்தம் 16 பற்கள். முன்னால் நான்கு, பின்னால் அரைக்கும் பற்கள் பன்னிரண்டு. முன்பற்கள் நான்கும் சாகும்வரை வளர்ந்துகொண்டே இருக்கும்; அரைக்கும் பற்கள் அப்படி வளர்வதில்லை. எலிகளில் முன்பல் வாரத்துக்கு 2 முதல் 3 மில்லிமீட்டர் வளர்வதாகப் படித்திருக்கிறோம். இந்த வளர்ச்சியைச் சரிக்கட்டுவது கணவாய் ஓடு இல்லை, கொட்டாஞ்சேனை அண்ணா மன்னிக்க வேண்டும். மேல்பல்லும் கீழ்ப்பல்லும் ஒன்றோடொன்று உரசித்தான் தேய்கின்றன. கச்சானுக்கு மேலே ஒன்று உடைந்துவிட்டதால் அதற்கு நேர் கீழே இருப்பதற்கு உரச ஆள் இல்லை. பயப்பட வேண்டியது அந்த ஒரு பல்லுக்குத்தான். உடைந்தது வேர் கெடாமல் இருந்தால் மறுபடி வளர்ந்து வரும். அதற்குள் கீழ்ப்பல் கோணலாக வளர்ந்துவிட்டால் இரண்டும் பிறகு பொருந்தாது.

இனி நகவெட்டி. அது இரண்டு பக்கமும் நெரித்துத்தான் வெட்டும். பல் குறுக்கே முறியாமல் நெடுக்காகப் பிளக்கலாம், பிளவு ஈறுக்குள்ளே போகலாம். கீழ்ப்பல்லின் வேர் தாடைக்குள் வெகுதூரம், அரைக்கும் பற்களுக்கு அடியால் பின்னே ஓடுகிறது. அங்கே சீழ் பிடித்தால் உங்கள் கைத்திறமை எதுவும் உதவாது. மருத்துவர்கள் சிறிய சுழல்கருவியால் அராவுவார்கள், நெரிக்க மாட்டார்கள்.

இப்போது ஒரு கேள்வி. எடை எவ்வளவு?

தெஹிவளை அப்பா

தங்கச்சி எழுதியது சரி. இரண்டு வருடத்துக்கு முன் மகளின் ஜெர்பிலுக்கு நான் நகவெட்டி போட்டேன். நானும் கைவேலைக்காரன்தான், கைக்கடிகாரம் திருத்துபவன். மூக்குக்கண்ணாடியில் லென்ஸ் மாட்டிக்கொண்டு, மகள் பிடிக்க, நான் வெட்டினேன். பிடித்ததிலேயே அதற்கு வலிப்பு வந்துவிட்டது. ஜெர்பில்களில் பலவற்றுக்கு அப்படி வரும் என்று அப்போது எனக்குத் தெரியாது. மகள் பயந்து விட்டுவிட, நான் வாலைப் பிடித்துவிட்டேன். வால் தோல் உறை போலக் கழன்று கையோடு வந்துவிட்டது. பல்லும் நடுவால் பிளந்தது. அதன் பிறகு பதினைந்து நாள்.

வேறு எதுவும் எழுத மனம் வரவில்லை. வாலை மட்டும் ஒருபோதும் பிடிக்காதீர்கள்.

ஊசிநூல், வெள்ளவத்தை (புதன் காலை)

தெஹிவளை அண்ணை, வாசித்துவிட்டு நெடுநேரம் ஒன்றும் எழுதத் தோன்றவில்லை. நகவெட்டியை மகளின் கையில் கொடுத்து ஒளித்துவைக்கச் சொல்லிவிட்டேன்.

தங்கச்சி, கேக் செய்யும் தராசில் ஒரு கிண்ணத்தை வைத்துப் பூச்சியமாக்கி நிறுத்தேன். 67 கிராம். இரண்டு மாதத்துக்கு முன் மகள் பாடசாலை விஞ்ஞானச் செயற்றிட்டத்துக்கு இவர்களை நிறுத்திருக்கிறாள். கொப்பியைத் தேடி எடுத்தோம். அப்போது 76. வாடையின் வாயையும் பார்த்தேன், நீங்கள் சொன்னதுபோல அவனுக்கும் நீளம்தான், மஞ்சள்தான். ஆனால் அவனுடையவை நேராக இருக்கின்றன. கச்சானின் இடது கீழ்ப்பல் வெளிப்பக்கம் சரிந்து நிற்கிறது.

பேராதனை மழை

76இல் 9 போனால் பத்தில் ஒரு பங்குக்கு மேல். நீங்களும் நானும் ஏழு கிலோ இழந்தது போல. நாளைக்கு என்று வைக்காதீர்கள், இன்றே மருத்துவரிடம் காட்டுங்கள். முதலில் தொலைபேசியில், சின்னக் கொறிவிலங்குகளைப் பார்ப்பீர்களா என்று கேளுங்கள்; நாய், பூனை மட்டும் பார்ப்பவர்கள் அதிகம்.

போகும்வரை கோது நீக்கிய விதை, ஓட்ஸை நீரில் ஊறவைத்துப் பிசைந்தது, சீனி போடாத குரக்கன் கூழ் கொஞ்சம், வெள்ளரிக்காய்த் துருவல். பட்டினி போட வேண்டாம். மயக்கம் கொடுப்பதற்கு முன் நாயைப் பட்டினி போடுவார்கள், ஆனால் கொறிவிலங்குகளால் வாந்தி எடுக்க முடியாது. இவ்வளவு சின்ன உடலுக்குப் பட்டினிதான் ஆபத்து. வீட்டில் மிச்சம் கிடக்கும் மனிதர்களின் அன்டிபயோடிக் எதையும் கரைத்துக் கொடுத்துவிடாதீர்கள். அவற்றில் சில இந்த உயிர்களைக் கொன்றுவிடும்.

துணித்துண்டுகளையும் எடுத்துவிடுங்கள். நூல் பிரிந்து காலில் சுற்றினால் விரல் அழுகிவிடும். தையல்காரிக்கு இதைச் சொல்ல எனக்கே கஷ்டமாக இருக்கிறது.

ஊசிநூல், வெள்ளவத்தை (வியாழன் இரவு)

போய் வந்தோம். முதலில் போன இடத்தில் தொலைபேசியில் "வாருங்கள்" என்றார்கள், போனதும் "எலியா?" என்று சிரித்தார்கள். காலி வீதி நெரிசலில் முச்சக்கரவண்டிக்குக் கொடுத்த காசும் வீண். இரண்டாவது இடம் நுகேகொடைப் பக்கம். அந்த அம்மா சிரிக்கவில்லை. கச்சானை ஒரு துவாயில் சுற்றி, எடையைக் கேட்டு, கொப்பியைப் பார்த்ததும் "இப்படி எழுதிக்கொண்டு வருபவர்கள் குறைவு" என்றார். மகள் இன்னும் தரையில் இறங்கவில்லை.

மயக்க வாயு கொஞ்சம். பிறகு ஊசி முனை போன்ற ஒரு சுழல்கருவி. நான் பார்க்கலாமா என்று கேட்டேன், விட்டார். சரிந்திருந்த கீழ்ப்பல்லை இரண்டு மில்லிமீட்டர் அளவில் அராவி, உளிச் சாய்வு வரும்படி முடித்தார். ஊசியில் நூல் கோக்கும் நேரம்தான் எடுத்தது. என்னால் அது முடியாது. அளவு தெரியாததால் இல்லை, அந்தக் கருவி வேறு, பிடி வேறு. நானே ஒப்புக்கொள்கிறேன்.

உடைந்ததற்குக் கம்பிதான் காரணமாக இருக்கும் என்றார். இரவில் கம்பியைப் பல்லால் பிடித்து இழுத்திருப்பான். கண்ணாடித் தொட்டிக்கு மாற்றி, ஓர் அடி ஆழத்துக்குத் தோண்ட ஏதாவது போடச் சொன்னார். தோண்ட இடமில்லாதவன்தான் கம்பியைக் கடிக்கிறானாம். கடற்காற்றின் ஈரம் அதிகம் என்பதால் மூடி வலையாக இருக்கட்டும், மெத்தையை அடிக்கடி மாற்றுங்கள் என்றும் சொன்னார். வறண்ட நிலத்துப் பிராணி, ஈரத்தில் மயிர் எண்ணெய் பூசியது போலாகிவிடுமாம்.

கடிக்க என்ன கொடுப்பது? இங்கே நான்காம் மாடியில் மரம் என்றால் துளசிச் சாடி ஒன்றுதான்.

தெஹிவளை அப்பா

என் வீட்டில் கொய்யா மரம் நிற்கிறது. மருந்து அடிப்பதில்லை. சுண்டுவிரல் தடிப்பில் கிளைகள் வெட்டிக் கழுவிக் காயவைத்துத் தருகிறேன், ஞாயிறு வெள்ளவத்தைச் சந்தைக்கு வரும்போது கொண்டுவருகிறேன். சுத்தமாகச் சுரண்டிய சிரட்டையும் வையுங்கள், எங்கள் வீட்டில் அதைத்தான் அதிகம் கடித்தது. கடதாசிச் சுருளின் அட்டைக்குழாய் எத்தனை கொடுத்தாலும் போதாது. அலரிக் கிளை மட்டும் வேண்டவே வேண்டாம், நஞ்சு. கோயில் பூ மரமும் (ஈழத்தலரி) பால் வடிவது, அதையும் விடுங்கள். தச்சுக்கடையில் கிடைக்கும் பலகைத் துண்டில் பசையும் வார்னிஷும் இருக்கும்.

கூண்டுக்காரன், கொட்டாஞ்சேனை

சரி, நான் ஒத்துக்கொள்கிறேன். இரண்டு தடவை தப்பியது என் ஹாம்ஸ்டரின் அதிர்ஷ்டம்தான் போலிருக்கிறது. மூன்றடி மீன்தொட்டி ஒன்று என்னிடம் சும்மா கிடக்கிறது, ஒரு மூலையில் ஒழுகும். தண்ணீர் ஊற்றாதவரை அது குறை இல்லையே. வந்து எடுத்துக்கொள்ளுங்கள் அக்கா, காசு வேண்டாம்.

ஊசிநூல், வெள்ளவத்தை (மூன்று வாரத்துக்குப் பின்)

தொட்டி வந்து, கொய்யா வந்து, சிரட்டை வந்து எல்லாம் நடக்கிறது. தொட்டியைத் தூக்கிக்கொண்டு நான்கு மாடி ஏறிய கதையை எழுதினால் அது தனி இழையாகிவிடும். அன்று மின்தூக்கி வேலை செய்யவில்லை.

உடைந்த மேல்பல் வளர்ந்து மற்றதைத் தொட்டுக்கொண்டு நிற்கிறது. கீழ்ப்பல் ஒரு மயிரிழை சரிவுதான். நேற்று மறுபடி காட்டினோம். இம்முறை அராவத் தேவையில்லை, உரசித் தானே சரியாகும், மறுபடி சரிந்தால் மட்டும் வாருங்கள் என்றார். சிலவற்றுக்கு மூன்று நான்கு வாரத்துக்கு ஒருமுறை ஆயுள் முழுக்க அராவ வேண்டியிருக்குமாம், நாங்கள் தப்பினோம்.

நிறுப்பது இப்போது மாமாவின் பொறுப்பு. "எலிக்குப் பல்வைத்தியமா" என்று முதல்நாள் கேட்டவர் ஞாயிறு காலை தேநீருக்கு முன் தராசை எடுத்துவைக்கிறார். கொப்பியில் இரண்டு நிரல் போட்டு, காற்றடிக்கும் திசையைக் குறிப்பவர் போலக் கச்சான், வாடை என்று தலைப்பிட்டு எழுதிவருகிறார். கச்சான் 67, 68, 71, 74. சூரியகாந்தி விதையை இப்போது கோதோடு கொடுக்கிறோம், தானே உடைக்கிறான்.

வாடை 91. தம்பியின் விதையை எல்லாம் அத்தனை நாளும் தின்றவன். அவனுக்குச் சூரியகாந்தியை நிறுத்தியிருக்கிறோம், தொட்டியின் மூலையில் முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான்.