மறு: ‘ரிஃப்’ – தமிழில் என்ன?

வணக்கம். திரையிசை வகுப்புக்காக, 1962-ல் வந்த ‘டாக்டர் நோ’ படத்தின் இசைத்தட்டைப் பற்றிய குறிப்பு ஒன்றை மொழிபெயர்க்கிறேன். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போக வேண்டும். ‘ரிஃப்’ என்ற சொல்லில் நின்றுவிட்டேன். ஜேம்ஸ் பாண்ட் இசையில் விக் ஃப்ளிக் கிட்டாரில் மீட்டும் அந்தச் சின்னத் துண்டுதான். ‘பல்லவி’ என்று போடலாமா?

———

பல்லவி வேண்டாம். பல்லவியில் சங்கதி போட்டு, அதாவது அதே வரியைச் சிறிது சிறிதாக மாற்றிப் பாடி வளர்ப்போம். ரிஃப் வளராது, அப்படியே திரும்பி வரும். ஜாஸில் ஒருவர் மனோதர்மமாக, தம் கற்பனையில் வாசிக்கும்போது மற்றவர்கள் அதைப் பிடித்துக்கொண்டிருப்பார்கள். ‘மீள்வரி’ என்கிறேன். வரி என்றால் இசைப்பாட்டு. சிலப்பதிகாரத்துக் கானல்வரி நமக்குத் தெரிந்ததுதானே.

———

அன்பர்களே, சொல் நம் அணியிலக்கணத்திலேயே இருக்கிறது: மடக்கு. வந்த எழுத்தே மறுபடி வந்து வேறு பொருள் தருவது. பாண்ட் இசையைக் கேளுங்கள். கிட்டார் அதே சுரங்களைத்தான் மீட்டுகிறது. அடியில் ஒரு சுரவரிசை மட்டும் இளியிலிருந்து (பஞ்சமம்) சுத்த விளரி, சதுச்ருதி விளரி (தைவதத்தின் இரு வகைகள்) என்று அரைச்சுரமாக ஏறி, மறுபடி இறங்குகிறது. அதனால் அதே கிட்டார் ஒவ்வொரு முறையும் வேறாகக் கேட்கிறது. தண்டியலங்காரம் என்ற அணியிலக்கண நூலில் தண்டியாசிரியர் சொன்னதும் இதுதான்.

———

ஐயா, விளக்கம் அருமை. ஆனால் மடக்கு என்றதும் பிள்ளைகளுக்கு ஒரு மடக்குத் தண்ணீர்தான் நினைவுக்கு வரும். என் வகுப்பில் ‘கிட்டார் பிட்டு’ என்கிறார்கள். ரிஃப் என்றே விடுங்கள்.

———

தம்பி, ரகரம் மொழிக்கு முதலில் வராது. எடுத்தே ஆகவேண்டுமென்றால் ‘இரிப்பு’ என்று எழுதலாம். இரித்தல் என்றால் பகைவரை ஓடச் செய்தல். ஒற்றன் கதைக்கு அதுவே பொருந்துகிறது.

———

சொல் இருக்கட்டும், அந்த மெட்டின் பிறப்பையும் குறிப்பில் சேருங்கள். வி. எஸ். நைபாலின் ‘எ ஹவுஸ் ஃபார் மிஸ்டர் பிஸ்வாஸ்’ நாவலை இசைநாடகமாக்க மான்டி நார்மன் எழுதிய பாட்டிலிருந்து வந்தது அது. டிரினிடாடில் குடியேறிய இந்தியர் வீட்டுக் கதை. ஜான் பேரி அதைக் கிட்டாருக்கு மாற்றி, டிரம்பெட், டிராம்போன்களை ஏற்றி, நடுவில் ஜாஸின் ஸ்விங் நடையை வைத்தார். ‘ஸ்விங்’குக்கும் ஒரு சொல் வேண்டுமே?

———

ஸ்விங்கை அடுத்த வாரம் பார்க்கலாம், அக்கா. ‘மீள்வரி’ என்றே போடுகிறேன். முதல் இடத்தில் மட்டும் பக்கத்தில் ‘ரிஃப்’ இருக்கும். எல்லோருக்கும் நன்றி.

———

எனக்கு உடன்பாடில்லை. மீள்வரி என்றால் திரும்புவது தெரியும். திரும்பும்போது பொருள் மாறுவது தெரியாது. அடிக்குறிப்பிலாவது மடக்கைச் சேர்க்கவும். ‘இரிப்பு’ பற்றி நாளை தனி மடல் எழுதுகிறேன்.