ஜார்ஜியன் செங்கல் வீடு: பூசாத சுவரும் அடைத்த ஜன்னலும்

அரசலாறு (கேள்வி):
கட்டடக்கலை படிக்கும் என் மகளுக்குப் பாடமாக வந்திருக்கும் இங்கிலாந்தின் ஜார்ஜியன் காலச் செங்கல் வீடுகளின் படங்களைப் பார்த்தபோது இரண்டு ஐயங்கள் எழுந்தன. கும்பகோணத்திலுள்ள எங்கள் பழைய வீடு உட்பட இப்பகுதிச் சுவர்கள் பெரும்பாலும் சுண்ணாம்புக் காரை பூசியவையாக இருக்க, அங்கே செல்வந்தர் வீடுகளிலும் செங்கல் அப்படியே வெளியே தெரிவது ஏன்? ஜன்னல் இருக்க வேண்டிய இடத்தைச் சில வீடுகளில் செங்கல்லால் அடைத்திருப்பது வரிக்குப் பயந்துதானா?

வெண்ணாற்றங்கரை:
இரண்டாவது ஐயத்துக்கு மட்டும் சொல்கிறேன். வீட்டு ஜன்னல்களின் எண்ணிக்கையைப் பார்த்து விதித்த ஜன்னல் வரி 1696 முதல் 1851 வரை நடப்பில் இருந்ததும், அதற்காகச் சிலர் ஜன்னலை அடைத்ததும் உண்மைதான். ஆனால் எல்லாவற்றையும் அந்தக் கணக்கில் எழுதிவிடக் கூடாது. நான்கு ஜார்ஜ் மன்னர்கள் அடுத்தடுத்து ஆண்ட 1714–1830 காலத்து வீடுகளில், நடுவில் வாசலும் இருபுறமும் சமமான ஜன்னல்களும் அமைவதே முகப்பின் இலக்கணமாக இருந்ததால், உள்ளே புகைபோக்கியோ குறுக்குச் சுவரோ வந்த இடத்தில் கட்டும்போதே பொய் ஜன்னல் வைத்தார்கள். அடைப்புச் செங்கல் சுற்றுச் சுவரோடு பல் கோத்து நின்றால் அது தொடக்கத்திலேயே கட்டியது. நேர்கோடாகப் பிரிந்து நின்றால் பின்னால் அடைத்தது என்று பெரும்பாலும் கொள்ளலாம்.

பொறையாறான்:
1666இல் லண்டன் மாநகரம் எரிந்த பிறகு, மர முகப்புக்குத் தடை வந்து செங்கல்லோ பாறைக்கல்லோ கட்டாயமாயிற்று. 1709ஆம் ஆண்டுச் சட்டம் ஜன்னலின் மரச்சட்டகத்தைச் சுவர் முகத்திலிருந்து நான்கு அங்குலம் உள்ளே தள்ளி வைக்கச் சொன்னது. ஒரே வரிசையில் நீளப்பக்கமும் தலைப்பக்கமும் மாறி மாறி வரும் பிளெமிஷ் கட்டும், தேய்த்துச் சீராக்கிய செங்கற்களை மெல்லிய சுண்ணாம்பு இணைப்பில் அடுக்கிய ஜன்னல் வளைவும் கொத்தனாரின் திறமையைக் காட்டின. அதைப் பூசி மறைக்க யாருக்கு மனம் வரும்? இருந்தும், ஜார்ஜியன் காலத்தின் கடைசியில் ஜான் நாஷ் போன்ற கட்டடக் கலைஞர்கள் செங்கல்லின் மேல் காரை பூசிப் பாறைக்கல் போலக் காட்டினார்கள் என்பதையும் மகளிடம் சொல்லுங்கள். 1784இல் அங்கே செங்கல்லுக்கு எண்ணிக்கைப்படி வரி விதித்தபோது செங்கல்லின் அளவைப் பெரிதாக்கித் தப்பப் பார்த்தார்கள். 1803இல் பெரிய கல்லுக்கு வரி இரட்டிப்பானது. அதே நூற்றாண்டைச் சேர்ந்த தரங்கம்பாடி டேனிஷ் ஆளுநர் மாளிகையிலோ சுவரும் தூணும் செங்கல்லாக இருந்தும் அனைத்தும் வெண்காரைக்குள் இருக்கின்றன. ஆற்று வண்டலில் அறுத்துச் சூளையில் சுட்ட நம் கல் நீரை எளிதில் உறிஞ்சும். ஐப்பசி, கார்த்திகை மழைச்சாரலிலிருந்து அதைக் காப்பது கடுக்காயும் வெல்லமும் ஊறிய நீரில் குழைத்த காரைதான்.

அரசலாறு:
மிக்க நன்றி, ஐயா. எங்கள் வீட்டுக் கூடத்துச் சுவரின் காரையைக் கொத்திவிட்டு, அந்தப் படங்களில் உள்ளதுபோல் செங்கல் தெரிய விடலாம் என்கிறாள் மகள்.

பொறையாறான்:
வேண்டாம், அம்மா. பூச்சுக்கென்றே அடுக்கிய சுவரில் வரிசை ஒழுங்கு இருக்காது; அதை மறைக்க இடைவெளிகளில் சிமென்ட் அடைத்தால் ஈரம் இணைப்பு வழியே வெளியேற முடியாமல் கல்லுக்குள் தேங்கி, உப்புப் பூத்து, கல்லின் முகமே உதிரும். பழைய ஜார்ஜியன் சுவர்களைச் சிமென்ட் வைத்துப் பழுதுபார்த்த இடங்களிலும் இதே சேதம் நேர்ந்ததால்தான் அங்கு சுண்ணாம்புக்குத் திரும்பியிருக்கிறார்கள். உதிர்ந்த இடத்தை மட்டும் சுண்ணாம்புக் காரையால் பூசச் சொல்லுங்கள்.